தணிக்கையின் நிழலில் ஒரு திரைக்கதாசிரியர்

லிபியாவின் முதுபெரும் போராளி உமர் முக்தார் (ரஹ்) அவர்களை 1931இல் தூக்கிலிட்ட முஸோலினியின் ஆட்சிதான், 1937இல் உரோமாபுரியில் சினிசித்தா என்னும் படப்பிடிப்பு நகரையும் எழுப்பிற்று. அந்நாட்டில் பேனா பிடித்தோருள் சிலர் துதி பாடினர். செசாரே ஸவாத்தினி போன்றோர் நகைச்சுவைக் கதைகளுக்குள் ஒதுங்கினர். ஆட்சியாளன் கண்முன்னே எழுதுகிறவனை எப்படி எடைபோடுவது? இவ்வினாவை நம் சென்னையிலேயே எழுப்பிப் பார்க்கலாம்.

பாபநாசத்தில் பிறந்து, சட்டம் பயின்று, திரைத்துறை புகுந்தவர் கே. சுப்ரமணியம் (1904–1971). 'பாலயோகினி' (1937) படத்தில் விதவையரின் துயரையும் சாதிக் கொடுமையையும் காட்டிச் சொந்தச் சமூகத்தாரின் சினத்துக்கே ஆளானார். 1939இல் கல்கியின் கதையைத் 'தியாகபூமி'யாக்கினார். ராஜாஜி அமைச்சரவை இருந்தவரை படம் தடையின்றி ஓடியது. அவ்வமைச்சரவை அக்டோபரில் விலக, 1940இல் ஆங்கில அரசு படத்தைத் தடை செய்தது. தடை வருமுன் கெயிட்டி அரங்கில் இலவசமாகக் காட்டினார்கள். திரண்ட மக்கள் மீது தடியடி விழுந்தது.

அதே மனிதர் 1945இல் 'மானசம்ரட்சணம்' என்னும் போர் ஆதரவுப் படத்தை எடுத்தார்! அப்போது படச்சுருள் தட்டுப்பாடு. படத்தின் நீளம் 11,000 அடிக்கு மேற்படலாகாது. உரிமம் அரசின் கையில். தடுத்த கையே ஏவவும் செய்தது.

இதை வெறும் பணிவு என்று தள்ளிவிட நமக்கு மனமில்லை. ஜப்பானியக் குண்டுக்கு அஞ்சி 1942 ஏப்ரலில் சென்னையே காலியாயிற்று. பட்டினப்பாக்கத்தின் அலையோசையும் அன்று அச்சமூட்டியிருக்கும். ரங்கூனில் கடை வைத்திருந்த நம்மவர் எத்தனை பேர் கால்நடையாகத் திரும்பினர், எத்தனை பேர் வழியிலேயே வஃபாத்தாயினர் என்பதை நம் குடும்பங்கள் அறியும். ஆகவே ஜப்பானியனைக் கொடியவனாகக் காட்டியது முழுப்பொய் அன்று. ஆனால் அகதிகளுக்கு வெள்ளையர் வழி, கறுப்பர் வழி என இரண்டு வகுத்தார்கள் என்று நாடே குமுறியதே, அதைத் திரையில் சொல்ல அன்றைய தணிக்கை இடம் கொடுத்திருக்குமா? எழுதியதைக் காட்டிலும் எழுத விடாததில்தான் அரசின் கை தெரிகிறது என்பது நம் கருத்து.

உமர் முக்தாரின் கதையைச் சொன்ன 'பாலைவனச் சிங்கம்' (1981) படத்தை, முஸோலினி மாண்டு முப்பத்தேழு ஆண்டுகளுக்குப் பின் 1982இல் இத்தாலியின் குடியரசும் தடுத்தது. 'தியாகபூமி'யின் பிரதியோ புனே தேசியத் திரைப்படக் காப்பகத்தில் இருக்கிறது.