சளிப்பூஞ்சை (பைசாரம் பாலிசெபாலம்)

மூளையும் நரம்பும் இல்லாமலே வழி தேர்ந்து இரை தேடும் மஞ்சள் நிற உயிரி. முன்பு பூஞ்சைகளோடு சேர்க்கப்பட்டிருந்தது. இன்று அமீபா தொகுதியில் வைக்கப்படுகிறது. நிழலும் ஈரமும் உள்ள இடங்களில், மட்கும் மரத்திலும் இலைச் சருகிலும் வளர்கிறது. பாக்டீரியாக்களும் பூஞ்சைகளும் இதன் உணவு.

உடல் முழுவதும் ஒரே செல். உள்ளே எண்ணற்ற உட்கருக்கள். வலைபோல் பரவிய குழாய்களில் செல்நீர் முன்னும் பின்னுமாக ஓடும். இரை கிடைத்த பக்கத்துக் குழாய்கள் தடிக்கும், மற்றவை சுருங்கி மறையும். ‘முடிவெடுத்தல்’ நிகழ்வது இப்படித்தான். ஊர்ந்த இடத்தில் விட்டுச்செல்லும் சளித்தடமே நினைவாக உதவுகிறது. தடம் உள்ள பக்கம் பெரும்பாலும் திரும்பாது.

2000இல் ஜப்பானிய ஆய்வாளர் தோஷியுகி நாககாகி குழுவினர், புதிர்ப்பாதையின் இரு முனைகளிலும் ஓட்ஸ் வைத்தபோது, இது குறுகிய வழியில் அவற்றை இணைத்தது. 2010இல் டோக்கியோவையும் சுற்றியுள்ள நகரங்களையும் குறிக்கும் 36 புள்ளிகளில் இரை வைத்தபோது, அங்குள்ள ரயில் பாதைக்கு நிகரான வலையைப் பின்னியது.

இந்தியச் சளிப்பூஞ்சைகளைப் பற்றி கே. எஸ். திந்த் எழுதிய நூல் 1977இல் வெளிவந்தது.