குரோமோபாக்டீரியம் வயலேசியம்: நிறம் காட்டியதும் மறைத்ததும்

வெப்பமண்டல நாடுகளின் மண்ணிலும் தேங்கிய நீரிலும் இயல்பாக வாழும் குரோமோபாக்டீரியம் வயலேசியம், ஆய்வுக்கூடத் தட்டில் நாவற்பழச் சாறு தெளித்தாற்போல் கருஊதாப் புள்ளிகளாக வளரும். அறிவியலாளர் கண்ணில் அது முதலில் பட்டதற்குக் காரணம் அந்த நிறமே. 1880-களின் தொடக்கத்தில் இத்தாலியின் பெர்கோன்சினி அதற்குப் பெயரிட்டார். காலியம் தனிமத்தைக் கண்டறிந்த பிரெஞ்சு வேதியியலாளர் லெகோக் த புவாபோத்ரான், மாவுப் பசையில் தோன்றிய ஊதா நிறப்பொருளைப் பற்றி 1882-இல் எழுதினார். நோயைப் பற்றிய எண்ணம் அப்போது எவருக்கும் எழவில்லை. இந்த உயிரியைக் கண்டுகொள்ள உதவிய நிறமே, அதைச் சரியாகப் புரிந்துகொள்ளப் பல பத்தாண்டுகள் தடையாகவும் நின்றது என்பதே இக்கட்டுரையின் வாதம்.

முதல் எச்சரிக்கை எருமைகளிடமிருந்து வந்தது. பிலிப்பைன்சில் பணியாற்றிய பால் வூலி, எருமைகளைக் கொன்ற ஒரு தொற்றிலிருந்து ஊதா பாக்டீரியாவைப் பிரித்தெடுத்து 1905-இல் அறிவித்தார். மனிதருக்கு ஏற்பட்ட தொற்று முதன்முதலாக 1927-இல் மலாயாவில் பதிவானது. ஆயினும் இந்தச் செய்திகள் அதிகம் பரவவில்லை. ஐரோப்பிய நீர்நிலைகளிலும் ஊதா பாக்டீரியாக்கள் ஏராளம். அவை யாருக்கும் நோய் தந்ததில்லை. நிறம் ஒன்றாக இருந்ததால் எல்லாம் ஒரே இனமாக, தீங்கற்றவையாக எண்ணப்பட்டன.

இந்த முடிச்சை அவிழ்த்தவர் பீட்டர் ஸ்னீத். இலங்கையில் பிறந்த இந்த ஆங்கிலேய மருத்துவர், ராணுவ மருத்துவப் பணிக்காக மலாயாவில் இருந்தபோது இந்தத் தொற்றை எதிர்கொண்டார். உயிரைப் பறித்த அந்த நோய் பற்றி அவரும் சக ஆய்வாளர்களும் எழுதிய கட்டுரை 1953-இல் ‘லான்செட்’ இதழில் வெளிவந்தது. அதன்பின் அவர் பல இடங்களிலிருந்து ஊதா பாக்டீரியாக்களைத் திரட்டி, வளரும் வெப்பநிலை, செரிக்கும் சர்க்கரைகள், நொதிகள் என ஒவ்வொரு பண்பையும் சோதித்தார். மலாயா நோயாளிகளிடம் கண்ட வகை மனித உடலின் 37 பாகை வெப்பத்தில் செழித்தது. குளிர்நாட்டு வகையோ குளிர்நிலையில் வளர்ந்து, அந்த வெப்பத்தில் நின்றுபோனது. நிறத்தைக் கண்டு ஒன்றெனக் கருதியவை உண்மையில் இரண்டு. குளிர்நாட்டு வகை 1978-இல் ஜாந்தினோபாக்டீரியம் என்ற தனிப் பேரினத்துக்கு மாற்றப்பட்டது.

ஸ்னீத் அத்துடன் நின்றிருந்தால் இது சிறிய திருத்தமாக முடிந்திருக்கும். எந்தப் பண்புக்கு முதலிடம் தருவது என்ற கேள்வி அவரை விடவில்லை. நிறத்தை முதன்மைப் பண்பாகக் கொண்டது யாருடைய தீர்ப்பு? எல்லாப் பண்புகளுக்கும் சம மதிப்பளித்து, இரண்டிரண்டு உயிரிகளாக ஒப்பிட்டு, ஒற்றுமையை எண்ணாகக் கணித்தால் என்ன? 1957-இல் அவர் வெளியிட்ட கட்டுரைகள், உயிரினப் பாகுபாட்டுக்குக் கணினியைப் பயன்படுத்தும் வழியைக் காட்டின. அதே ஆண்டு அமெரிக்காவில் ராபர்ட் சோகலும் சார்லஸ் மிச்னரும் தேனீக்களை வைத்து, இதை அறியாமலே, இதே திசையில் நடந்திருந்தார்கள். சோகலும் ஸ்னீத்தும் சேர்ந்து 1963-இல் எழுதிய நூல் எண்முறைப் பாகுபாட்டியலின் அடித்தளமானது. ஒரு துறையே பிறக்க மலாயாவின் ஊதா பாக்டீரியா காரணமாயிற்று என்பதை நுண்ணுயிரியல் பாடநூல்கள் இன்னும் அழுத்திச் சொல்ல வேண்டும்.

நிறமியின் கதையும் இடையே வளர்ந்தது. டிரிப்டோஃபேன் என்ற அமினோ அமிலத்தின் இரண்டு மூலக்கூறுகள் இணைந்து வயலசீன் என்ற அந்த ஊதா நிறமி உருவாகிறது. ஐந்து மரபணுக்கள் அதை ஆள்கின்றன. பாக்டீரியாக்கள் போதிய அளவில் பெருகி, தமக்குள் பரிமாறும் சமிக்ஞை மூலக்கூறு சேர்ந்த பிறகே நிறம் தோன்றும். சமிக்ஞையைத் தானே உண்டாக்க இயலாத வெள்ளை விகாரி ஒன்றை 1997-இல் ஆய்வாளர்கள் அறிமுகப்படுத்தினர். பிற பாக்டீரியாக்களின் சமிக்ஞை பட்டால் அது ஊதாவாக மாறும். பாக்டீரியாக்களின் உரையாடலைக் கண்ணால் காண, உலகெங்கும் ஆய்வுக்கூடங்கள் இன்றும் இதைப் பயன்படுத்துகின்றன. நிறத்துக்கு அப்பாலும் ஆய்வு நீண்டது. 1981-இல் ஸ்குவிப் மருந்து நிறுவனத்தார் இந்த இனத்திலிருந்து ஒற்றை வளைய பீட்டா லாக்டம் சேர்மம் ஒன்றைப் பிரித்தனர். அஸ்ட்ரியோனாம் மருந்துக்கு வழிவகுத்த ஆய்வு அது. மலாயாவின் மெந்தகாப் நன்னீரில் கிடைத்த மாதிரி வகையின் மரபணுத்தொகையை, 47 லட்சத்துக்கும் மேற்பட்ட எழுத்துகளை, பிரேசில் கூட்டமைப்பு 2003-இல் வெளியிட்டது. அமேசானின் ரியோ நெக்ரோ ஆற்றில் இந்த உயிரி மிகுதி என்பதால் பிரேசில் அதில் காட்டிய அக்கறை இயல்பானது.

எங்கும் பரவியிருக்கும் இந்த உயிரி ஏன் இவ்வளவு அரிதாக நோய் தருகிறது? வலுவற்றது என்பதால் அன்று. தோல் காயத்தின் வழியே சேற்றுநீர் புகுந்து தொற்றினால் காய்ச்சல், குருதித் தொற்று, கல்லீரலிலும் நுரையீரலிலும் சீழ்க்கட்டிகள் என விரைந்து முற்றும். பதிவான நோயாளிகளில் ஏறத்தாழப் பாதிப்பேர் இறந்திருக்கிறார்கள். பென்சிலின் வகைகள் பெரும்பாலும் பலிப்பதில்லை. சிப்ரோஃப்ளாக்சசின் பொதுவாகப் பலிக்கிறது. நிறமற்ற வகைகளும் நோய் தருவதால், ஊதாவை மட்டும் நம்பும் ஆய்வுக்கூடம் இன்றும் ஏமாறக்கூடும்.

நோய் ஏன் அரிது என்ற கேள்விக்கு விடை நம் உடலில் இருக்கிறது. இந்த பாக்டீரியா செல்லுக்குள் புரதங்களைச் செலுத்த ஊசி போன்ற அமைப்பு ஒன்றை வைத்திருக்கிறது. அந்த ஊசியை என்.எல்.ஆர்.சி.4 என்ற உணரி அடையாளம் கண்டதும், தாக்கப்பட்ட செல் தன்னையே அழித்துக்கொள்கிறது. இந்த உணரி நீக்கப்பட்ட எலிகள், இயல்பான எலிகள் எளிதில் தாங்கும் தொற்றிலேயே மடிகின்றன என்பதை ஆய்வாளர் எட்வர்ட் மியாவோ குழுவினர் காட்டினர். மனிதரில் இந்தத் தொற்றுக்கு எளிதில் ஆளாவோராக அறியப்பட்டவர்கள், வேறொரு காவல் குன்றிய நாள்பட்ட கிரானுலோமா நோய் உள்ளவர்கள். அவர்களின் வெள்ளணுக்களால் பாக்டீரியாவைக் கொல்லும் ஆக்சிஜன் சேர்மங்களை உண்டாக்க இயலாது. எனவே இந்தத் தொற்றிலிருந்து மீண்ட குழந்தைக்கு அந்தப் பரம்பரைக் குறைபாடு உண்டா என்று வெள்ளணுச் சோதனை செய்யுமாறு மருத்துவ இலக்கியம் பரிந்துரைக்கிறது.