வெள்ளித்திரையின் பின்கட்டு – 9: ரேணு சலூஜாவின் கத்திரி

மம்சாபுரத்திலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூருக்கு சைக்கிள் மிதித்துப் போய்ப் படம் பார்த்த காலம். பாதியில் பிலிம் அறுந்துவிடும். விசில் பறக்கும். ஆபரேட்டர் அறுந்த முனைகளைக் கத்தரித்து, ஒட்டி, மறுபடி ஓட்டுவார். ஊர் ஊராகச் சுற்றி வந்த பிரிண்ட் என்றால் இப்படி ஒட்டி ஒட்டியே பாட்டில் அரைச் சரணம் காணாமல் போயிருக்கும். ராஜபாளையம் மில்லில் அறுந்த இழையை ஓடிப்போய் முடியும் பெண்களுக்கும் ஏறக்குறைய இதே வேலைதான். நூலில் முடிச்சு தெரியக்கூடாது. படத்தில் ஒட்டு தெரியக்கூடாது. எடிட்டரின் வேலையும் இதுதான்.

போன வாரம் இத்தாலிய எடிட்டர் காப்ரியெல்லா கிறிஸ்தியானியைப் பார்த்தோம். பெர்த்தலூச்சியின் ‘த லாஸ்ட் எம்பரர்’ படத்துக்காக 1988இல் ஆஸ்கர் வாங்கியவர். அதே காலத்தில் பம்பாயில் ஒரு எடிட்டர் இருந்தார்: ரேணு சலூஜா.

1952இல் பிறந்தவர். புனே திரைப்படக் கல்லூரிக்கு டைரக்‌ஷன் படிக்கத்தான் விண்ணப்பித்தார். இடம் கிடைக்கவில்லை, எடிட்டிங்கில் சேர்ந்தார். 1976இல் படிப்பு முடிந்தது. குந்தன் ஷா, சயீத் மிர்சா, விது வினோத் சோப்ரா எல்லாம் அவர் காலத்தில் அங்கே படித்தவர்கள். பின்னாளில் அவர்களுடைய படங்கள் இவர் மேசைக்குத்தான் வந்தன. டைரக்‌ஷனில் இடம் கொடுத்திருந்தால் இந்தி சினிமா ஒரு நல்ல எடிட்டரை இழந்திருக்கும் என்று நினைத்துக்கொள்வேன்.

அன்றைக்கு எடிட்டிங் என்பது கையால் செய்கிற வேலை. 35 எம்.எம். பிலிமில் ஒரு அடிக்கு 16 பிரேம். நொடிக்கு 24 பிரேம் ஓடும். ஒரு நிமிடத்துக்கு 90 அடி. இரண்டரை மணி நேரப் படம் என்றால் 13,500 அடி, அதுவும் கழித்தது போக மிஞ்சியது. வெட்டிய துண்டுகள் கொக்கியில் தொங்கும். எந்தத் துண்டு எங்கே தொங்குகிறது என்பது எடிட்டரின் தலைக்குள் இருக்க வேண்டும்.

தேசிய விருது அவருக்கு நான்கு முறை வந்தது: ‘பரிந்தா’, ‘தாராவி’, ‘சர்தார்’, ‘காட்மதர்’. ‘பரிந்தா’வில் புறாக்கள் மொய்க்கும் இடத்தில் நடக்கும் கொலையை இன்றும் பேசுகிறார்கள். என் ஓட்டு மட்டும் அவருக்கு அந்த விருதைத் தராத ஒன்றுக்கு: 1983இல் வந்த குந்தன் ஷாவின் ‘ஜானே பீ தோ யாரோ’. கடைசியில் ஒரு பிணத்துக்குத் திரௌபதி சேலை கட்டி மகாபாரத நாடக மேடையில் நிறுத்துவார்களே, அந்தக் காட்சி. மேடையில் ஒரே அமளி. யார் யாரைத் துரத்துகிறார்கள் என்பதில் பார்ப்பவருக்குக் குழப்பமே வராது. சிரிப்பை வெட்டுவது அழுகையை வெட்டுவதைவிடக் கஷ்டம். நான்கு பிரேம் தாமதித்தால் போதும், சிரிப்பு செத்துவிடும். அதே வருடம் சிரிப்பே இல்லாத ‘அர்த் சத்யா’வும் அவர் கையிலிருந்துதான் வந்தது. பிறகு ‘பண்டிட் குயீன்’. இன்னொரு பக்கம் ‘1942: எ லவ் ஸ்டோரி’, ‘பர்தேஸ்’ என்று பாட்டும் கூத்துமான பெரிய படங்கள்.

நமக்கு அவர் அறிமுகமானது, பெயரைக் கவனித்தவர்களுக்கு, ‘ஹே ராம்’ படத்தில். சாகக் கிடக்கும் கிழவர் சாகேத் ராமின் நிகழ்காலம் கறுப்பு வெள்ளையில், அவர் நினைவு வண்ணத்தில். 1999க்கும் 1946க்கும் போய்ப் போய்த் திரும்பும் கதை. கல்கத்தா கலவரத்தின் நடுவே பார்ப்பவர் கண்ணை எப்போது திருப்ப விடுவது, எப்போது விடக்கூடாது என்பதை அந்த மேசையில்தான் தீர்மானித்திருக்க வேண்டும். தமிழ், இந்தி இரண்டிலும் படம் வந்தது 2000 பிப்ரவரியில்.

அதே ஆண்டு ஆகஸ்ட் 16ஆம் தேதி வயிற்றுப் புற்றுநோயில் ரேணு சலூஜா காலமானார். வயது 48.

அடுத்த வாரம் திருவனந்தபுரம்: ரேவதியின் ‘மித்ர்’ படத்துக்காகத் தேசிய விருது வாங்கிய பீனா பால்.