வீடு கட்டிய தாயும் படம் எடுத்த மகனும்

பாலு மகேந்திரா என்றால் நம்மில் பலருக்கு முதலில் ஞாபகம் வருவது 'மூன்றாம் பிறை'. அவர் 1939 இல் எமது மட்டக்களப்பின் அமிர்தகழியில் பிறந்தவர் என்பது மூத்தவர்களுக்குத் தெரியும். ஆனால் அவர் கடைசிக் காலத்தில் ஒரு நல்ல ஆசிரியராகவும் இருந்தார் என்பதை நாம் அதிகம் பேசுவதில்லை.

பாடசாலைக் காலத்தில் கிதுல்கலவில் 'த பிரிட்ஜ் ஒன் த ரிவர் குவாய்' படப்பிடிப்பைப் பார்த்ததுதான் சினிமா ஆசைக்குக் காரணம் என்று அவரே சொல்லியிருக்கிறார். பின்னர் இந்தியா சென்று, பூனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்து, 1969 இல் தங்கப் பதக்கத்துடன் வெளியேறினார். மலையாளத்தில் 'நெல்லு' அவருக்குப் பெயர் வாங்கிக் கொடுத்தது. 1977 இல் கன்னடத்தில் 'கோகிலா' மூலம் இயக்குநரானார். அதற்கே ஒளிப்பதிவுக்கான தேசிய விருதும் கிடைத்தது. தன் படங்கள் பலவற்றில் எழுத்து, ஒளிப்பதிவு, இயக்கம், படத்தொகுப்பு எல்லாவற்றையும் அவரே செய்தார்.

1988 இல் வந்த 'வீடு' பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். வேலைக்குப் போகும் ஒரு சாதாரணப் பெண் கடன்பட்டு ஒரு சிறிய வீடு கட்டப் படும் பாடுதான் கதை. பாட்டு இல்லை, சண்டை இல்லை. சீமெந்து, மணல், கூலி, கந்தோர் அலைச்சல், அவ்வளவுதான். சிறுவயதில் தன் தாய் வீடு கட்டத் தொடங்கியதும், சிரித்த முகம் மாறி எதற்கும் எரிந்து விழுபவரானதைப் பார்த்திருக்கிறார். அந்த நினைவிலிருந்தே இந்தப் படம் பிறந்தது. சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதும், நடித்த அர்ச்சனாவுக்குச் சிறந்த நடிகை விருதும் கிடைத்தன.

அடுத்து, தொலைக்காட்சிக்காகச் சுஜாதா, மாலன் போன்றோரின் சிறுகதைகளை 'கதை நேரம்' என்ற பெயரில் குறும்படங்களாக்கினார். பிறகு சென்னையில் 'சினிமா பட்டறை' என்ற பயிற்சிப் பள்ளியைத் தொடங்கினார். அங்கு கெமராவைத் தொட்டால் மட்டும் போதாது. தினமும் ஒரு சிறுகதை வாசிக்க வேண்டும், வாசித்ததைச் சுருக்கி எழுத வேண்டும். அவரிடம் உதவியாளர்களாக இருந்த பாலா, வெற்றிமாறன், ராம், சீனு ராமசாமி எல்லோரும் இன்று பெயர் பெற்ற இயக்குநர்கள்.

கடைசிப் படம் 2013 இல் வந்த 'தலைமுறைகள்'. அதில் தாத்தாவாக அவரே நடித்தார். மதம் மாறித் திருமணம் செய்த மகனை ஒதுக்கி வைத்த கிழவர், தமிழ் தெரியாத பேரனுக்குத் தமிழ் சொல்லிக் கொடுக்கிறார். பேரன் அவருக்கு ஆங்கிலம் சொல்லிக் கொடுக்கிறான். தேசிய ஒருமைப்பாட்டுக்கான விருது இந்தப் படத்துக்குக் கிடைத்தது. 2014 பெப்ரவரி 13 இல் அவர் காலமானார்.

இதை ஏன் இங்கு எழுதுகிறோம்? இன்று எமது பிள்ளைகள் எல்லோர் கையிலும் கெமரா இருக்கிறது. வீடியோ எடுக்கிறார்கள், வெட்டி ஒட்டுகிறார்கள், நன்றாகவும் செய்கிறார்கள். ஆனால் கதைப் புத்தகத்தோடு ஒரு பிள்ளை இருந்தால், "சோதனை வருது, அதை மூடி வை" என்கிறோம்.

கிழக்கில் பொம்பிளைப் பிள்ளை பிறந்த நாளிலிருந்தே வீட்டுக் கவலை தொடங்கிவிடுகிறது. அதற்காக மத்திய கிழக்குக்குப் போன தாய்மார் எத்தனை பேர், நகையை அடகு வைத்த வாப்பாமார் எத்தனை பேர்! இவை எழுதப்படவில்லை. இன்னும் இருபது வருடத்தில் சொல்லவும் ஆளிருக்காது.

பெற்றோரே, இந்த விடுமுறையில் பிள்ளையிடம் ஒரு கொப்பியைக் கொடுங்கள். உம்மம்மாவுக்குப் பக்கத்தில் இருந்து, நம் வீடு எப்படிக் கட்டப்பட்டது என்று கேட்டு இரண்டு பக்கம் எழுதச் சொல்லுங்கள். எழுத்துப் பிழை இருந்தால் பரவாயில்லை, அதை நாங்கள் வகுப்பில் திருத்திக் கொள்கிறோம்.