நிழலிலே போர்

கி. மு. 480இல் தேர்மொப்பிலேக் கணவாயிலே பாரசீகப் பெரும்படையை எதிர்த்து நின்ற ஸ்பார்ட்டா வீரருள் டியனெகிஸ் என்பானும் ஒருவன். பகைவர் அம்புகள் கதிரவனையே மறைத்துவிடும் என்று திராக்கீஸ் ஊரவன் ஒருவன் கூற, நல்லதாயிற்று, நிழலிலே போர் செய்யலாம் என்றானாம். இது ஹெரொடோட்டஸ் எழுதிவைத்த செய்தி. ஆதலின் நாம் பெரிதும் மதிக்கின்றோம். ஆயுதங்களை வேண்டுமாயின் வந்து எடுக்கும்படி மன்னன் லியோனிடாஸ் விடுத்த மறுமொழியோ, 500 ஆண்டுக்கு மேற் பிந்திய புளூட்டாக்கின் பெயரால் வழங்கும் தொகுப்பிலே காணப்படுவது.

7 வயதிலே வீட்டைப் பிரிந்து பசியும் குளிரும் பழகியோர் நாவிலே சொற்கள் சுருங்கியதில் வியப்பில்லை. ஆனால் அவர்தம் வயலை உழுதவர் ஹெலட் என்னும் அடிமைகள். அதை நாம் மறைத்தல் தகாது.

இறுதி நாளில் 300 பேருடன் தாமாகவே நின்று மடிந்த தெஸ்பியர் 700 பேர். அவர்கள் சொன்னதாக வீரமொழி எதனையும் ஹெரொடோட்டஸ் குறிக்கவில்லை.