டாப் ஸ்டேஷன் வரை வந்த ரயில்: குண்டளைக் குறும்பாதையும் போடியும்

குரங்கணியிலிருந்து மலையேறுகிறவர்கள் வழியில் ‘சென்ட்ரல்’ என்றொரு சிற்றூரைக் கடந்து டாப் ஸ்டேஷன் போய்ச் சேர்கிறார்கள். கீழே கொட்டகுடிக்கு ஒருகாலத்தில் ‘பாட்டம் ஸ்டேஷன்’ என்று பெயர். தேனி மாவட்டத்து மலைச்சரிவில் இத்தனை ஸ்டேஷன்கள் இருந்தும் ஓரடித் தண்டவாளம்கூட இல்லை. கொட்டகுடிக்கு வந்தது ரோப்வே மட்டுமே; நீராவி எஞ்சின் வந்து நின்றது உச்சியில்தான்.

அந்த எஞ்சின் ஓடிய குண்டளைப் பாதையின் கதை தேயிலையில் தொடங்குகிறது. 1877இல் பூஞ்சாறு அரச குடும்பத்திடமிருந்து கண்ணன் தேவன் மலைநிலங்களை ஜான் டேனியல் மன்றோ பெற்றார். இருபது ஆண்டு கழித்து, 1897இல், கண்ணன் தேவன் மலை விளைபொருள் நிறுவனம் உருவானது. விளைந்ததை வெளியே கொண்டுபோக மேற்கே நல்ல சாலை கிடையாது. கிழக்கே இறங்கினால் போடி. ஆகவே 1902இல் மூணாற்றிலிருந்து டாப் ஸ்டேஷன் நோக்கி ஒற்றைத் தண்டவாளப் பாதை ஒன்று போடப்பட்டது. வண்டியின் சிறு சக்கரங்கள் தண்டவாளத்தில் உருண்டு சுமையில் பெரும்பகுதியைத் தாங்கும். பக்கவாட்டில் ஒரு பெரிய சக்கரம் மண்ணில் ஓடி வண்டி சாயாமல் பிடித்துக்கொள்ளும். யூயிங் முறை என்று இதற்குப் பெயர். இழுத்தவை மாடுகள். ஒரே தண்டவாளம் என்பதால் செலவு குறைவு, மாட்டுக்கும் இழுவை எளிது.

1908இல் இது இரண்டடி அகலக் குறும்பாதையாக மாற்றப்பட்டது. மாடுகள் இருந்த இடத்துக்குச் சிறிய நீராவி எஞ்சின்கள் வந்தன. மாட்டுப்பட்டி, பாலாறு வழியாகத் தேயிலைப் பெட்டிகள் உச்சிக்குப் போயின. அங்கிருந்து ஏறக்குறைய ஐந்து கிலோமீட்டர் ரோப்வேயில் கொட்டகுடிக்கு இறங்கின. பிறகு போடி வரை சுமார் 15 கி.மீ. தரைவழி.

இதற்கடுத்த கட்டத்தில்தான் வழக்கமாகச் சொல்லப்படும் வரலாறு இடறுகிறது. குண்டளை ரயிலில் வந்த தேயிலை போடியில் பெரிய ரயிலுக்கு மாறிக் கப்பலேறியதாகவே பலரும் எழுதுகிறார்கள். ஆண்டுகளை அடுக்கிப் பார்த்தால் அது நடந்திருக்க முடியாது. மலையாளக் கொல்லம் ஆண்டு 1099இல் வந்ததால் ‘தொண்ணூற்றொன்பது வெள்ளம்’ எனப்படும் 1924 ஜூலைப் பெருவெள்ளம், குண்டளைப் பாதையை மீட்க முடியாதபடி அடித்துப் போனது. மதுரை–போடி மீட்டர் கேஜ் பாதை திறக்கப்பட்டதோ 1928 நவம்பரில். நடுவே நான்கு ஆண்டு இடைவெளி. மேலே ரயில் ஓடிய காலமெல்லாம் கீழே போடிக்கு ரயிலில்லை. திண்டுக்கல்–மதுரைப் பாதையிலிருந்த அம்மையநாயக்கனூர்தான், இன்றைய கொடைக்கானல் ரோடுதான், இந்தப் பக்கத்துக்கு ரயிலடி. அங்கே சேரும் வரை வண்டிமாடுதான். எனவே 1908க்குப் பிறகும் மாடு ஓய்வு பெறவில்லை. மலையிலிருந்து சமவெளிக்கு இறங்கிவிட்டது, அவ்வளவே.

போடிக்கு ரயில் வந்த கொஞ்ச காலத்திலேயே தேயிலையும் திசை மாறியது. மேற்கே புதுச் சாலை அமைந்து, 1935இல் நேரியமங்கலம் பாலமும் திறக்க, மூணாறு கொச்சித் துறைமுகத்தோடு ஒட்டிக்கொண்டது. இரண்டாம் உலகப் போரில் போடிப் பாதையே பெயர்த்தெடுக்கப்பட்டு, 1950களில்தான் மீண்டும் போடப்பட்டது.

இனி, மிஞ்சியது என்ன? மூணாற்றின் பழைய ஸ்டேஷன் கட்டடம் தேயிலை நிறுவனத்தின் அலுவலகமாயிற்று. நல்லதண்ணி எஸ்டேட்டிலுள்ள தேயிலை அருங்காட்சியகத்தில் எஞ்சின் சக்கரம் ஒன்று வைக்கப்பட்டிருக்கிறது. முழு எஞ்சின் ஒன்றுகூட இல்லை. இதே யூயிங் முறையில் 1907இல் தொடங்கிய பாட்டியாலா ஒற்றைத் தண்டவாள ரயிலின் விதி வேறு. அது 1927இல் மூடப்பட்டது. எஞ்சின்கள் கழிவிரும்பாகக் கிடந்தன. 1962இல் ரயில் ஆர்வலர் மைக் சாட்டோ அவற்றைக் கண்டுபிடித்தார். பெர்லினின் ஒரென்ஸ்டைன்–கோப்பல் செய்த அந்த எஞ்சின்களில் ஒன்று அமிர்தசரஸ் பணிமனையில் உயிர்பெற்று, தில்லி தேசிய ரயில் அருங்காட்சியகத்தில் இன்றும் இருக்கிறது. முப்பத்தைந்து ஆண்டு யாரும் சீந்தாமல் துருப்பிடித்துக் கிடந்ததே அதைக் காப்பாற்றியது என்பேன். நீலகிரி மலை ரயிலின் எக்ஸ் வகை எஞ்சின்களுக்கு வேறொரு பாதுகாப்பு கிடைத்தது. பற்சக்கரப் பாதையில் ஏற அவற்றை விட்டால் வழியில்லை. அதனால் சுவிட்சர்லாந்தின் விண்டர்தூரில் பிறந்த அந்த வகையைப் பொன்மலைப் பணிமனை நம் காலத்தில் புதிதாகவே செய்து கொடுத்தது. குண்டளை எஞ்சின்களுக்குத் துருப்பிடிக்கவும் நேரம் கிடைக்கவில்லை. திரும்பிப் போக ஒரு பாதையும் எஞ்சவில்லை.

போடியின் மீட்டர் கேஜ் 2010 இறுதியில் நின்றது. அகலப்பாதை 2022 மே மாதம் தேனியையும், 2023 ஜூனில் போடியையும் தொட்டது. கம்பத்துக்காரர்கள் இன்னும் ரயில் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்.