கோப்பில் எழுதிய எண் அவமானமா?

(தொலைக்காட்சிக் கருத்தரங்கில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



கருத்தரங்கு தொடங்குமுன் ஓர் அம்மா என்னைத் தனியே அழைத்துப் பேசினார். "ஐயா, என் வீட்டுக்காரர் ஆஸ்பத்திரியில் படுத்திருந்தார். வீட்டுக்கு அனுப்பும்போது கொடுத்த தாளில் எஃப் 10.2 என்று போட்டிருந்தது. மகள் அதற்கு அர்த்தம் தேடிப் பார்த்துவிட்டு, அப்பாவைக் குடிகாரர் என்று எழுதிவிட்டார்கள் என்று அழுதாள். அவர் குடியை விட்டுப் பதினான்கு மாதமாகிறது. அந்த எண்ணை அழிக்கச் சொல்லலாமா?" என்று கேட்டார்.

இதற்கு ஒரு வரியில் பதில் சொல்லிவிட முடியாது. அந்த எண் எங்கிருந்து வந்தது, எதற்காக வந்தது என்று தெரிந்தால்தான் அழிப்பதா, வைத்திருப்பதா என்று முடிவு செய்யலாம். ஆகவே இன்று அந்த எண்ணின் வரலாற்றையே பேச எண்ணுகிறேன்.

பாவம் நோயான கதை

குடியை நீண்ட காலம் உலகம் பாவம் என்றது, அல்லது குற்றம் என்றது. குடித்துக் கெட்டவனுக்கு உபதேசமும் சிறையும் காத்திருந்தன. மருந்து இருக்கவில்லை. இதை மாற்ற முதலில் குரல் கொடுத்தவர்களில் இருவர் மருத்துவர்கள். அமெரிக்காவில் பெஞ்சமின் ரஷ் 1784ல் கடும் மதுவின் தீங்குகளைப் பற்றி ஒரு சிறு நூல் எழுதினார். பிரிட்டிஷ் கடற்படை மருத்துவரான தாமஸ் டிராட்டர் 1804ல் வெளியிட்ட நூலில், குடிப்பழக்கம் மனத்தைப் பிடித்த நோய் என்று துணிந்து எழுதினார்.

ஆனாலும் அந்த நோய்க்கு எங்கும் பரவிய ஒரு பெயர் இல்லை. 1849ல் சுவீடன் நாட்டு மருத்துவர் மாக்னஸ் ஹூஸ், பல காலம் குடித்தவர்களின் கை நடுக்கத்தையும் நரம்புத் தளர்ச்சியையும் மனக் குழப்பத்தையும் ஒன்று சேர்த்து, 'ஆல்கஹாலிசம்' என்று பெயர் வைத்தார். உலகம் முழுதும் பரவிய சொல் அதுதான்.

எண்ணும் பட்டியலும்

பெயர் வந்தது. எண் எப்படி வந்தது? இங்கிலாந்தில் 1837ல் பிறப்பு இறப்புப் பதிவு தொடங்கியது. அந்த அலுவலகத்தில் சேர்ந்த வில்லியம் ஃபார் ஒரு சிக்கலைக் கண்டார். ஒரே நோயை ஊருக்கு ஒரு பெயரில் எழுதினார்கள். ஒரே பெயரை வெவ்வேறு நோய்களுக்கும் எழுதினார்கள். இப்படி இருந்தால் எந்த ஊரில் எதனால் மக்கள் சாகிறார்கள் என்று எப்படிக் கணக்கிடுவது? எல்லாருக்கும் பொதுவான பட்டியல் வேண்டும் என்றார் அவர்.

1893ல் சிக்காகோவில் கூடிய அனைத்துலகப் புள்ளியியல் அமைப்பின் கூட்டத்தில், பாரிஸ் நகரைச் சேர்ந்த ஜாக் பெர்டில்லான் அப்படிப்பட்ட பட்டியலை முன்வைத்தார். 1900 முதல் அது அவ்வப்போது திருத்தப்பட்டு வந்தது. ஆனால் அது மரணக் காரணங்களின் பட்டியல். ஒருவர் இறந்த பிறகுதான் அவருக்கு அதில் இடம்! 1948ல் உலக சுகாதார நிறுவனம் பொறுப்பேற்று ஆறாம் திருத்தத்தைக் கொண்டுவந்தபோதுதான், உயிரோடு இருப்பவர்களின் நோய்களும், மனநலக் கோளாறுகள் என்ற தனிப் பகுதியும் சேர்ந்தன.

அந்த ஆறாம் திருத்தத்தில் குடிநோயின் எண் 322. எந்தத் தலைப்பின் கீழ் தெரியுமா? 'குணம், நடத்தை, அறிவு ஆகியவற்றின் கோளாறுகள்' என்ற தலைப்பின் கீழ். நோய்ப் பட்டியலில் இடம் கிடைத்தது. ஆனால் உட்கார வைத்தது குணக்கேடு வரிசையில்தான். அந்த மகள் கண்ணீர் விட்டாளே, அதன் வேர் இங்கே இருக்கிறது.

குணத்திலிருந்து அறிகுறிக்கு

1976ல் கிரிஃபித் எட்வர்ட்ஸ், மில்டன் கிராஸ் என்ற இருவர் ஒரு மருத்துவ இதழில் கட்டுரை எழுதினார்கள். இவர் எப்படிப்பட்ட மனிதர் என்று பார்ப்பதை விட்டு, இவரிடம் என்னென்ன அறிகுறிகள் தெரிகின்றன, எந்த அளவுக்குத் தெரிகின்றன என்று பார்க்கச் சொன்னார்கள். மதுவுக்கு அடிமைப்படுவது வேறு, மதுவால் கேடு வருவது வேறு என்றும் பிரித்துக் காட்டினார்கள். அடிமையாகாமலே ஈரல் கெட்டவர் உண்டு அல்லவா? ஒன்பதாம் திருத்தத்தில் 'குடிநோய்' என்ற பழைய பெயர் போய், 'மதுச் சார்பு' என்ற பெயர் வந்தது.

1990ல் உலக சுகாதாரப் பேரவை ஏற்றுக்கொண்டது பத்தாம் திருத்தம். அதில்தான் எஃப் 10 வருகிறது. எஃப் என்பது மனநலப் பகுதி. 10 என்பது மது. புள்ளிக்குப் பின் வரும் இலக்கம் நிலையைச் சொல்கிறது. பூஜ்யம் என்றால் அப்போதைய போதை. ஒன்று என்றால் உடலையோ மனத்தையோ கெடுக்கும் குடி. இரண்டு என்றால் சார்பு. மூன்று என்றால் குடியை நிறுத்தியதும் வரும் நடுக்கம், வியர்வை போன்ற அவதிகள். நான்கு என்றால் அந்த அவதியோடு சித்தக் கலக்கமும் சேர்ந்த நிலை.

எஃப் 10.2 என்று எழுத மருத்துவர் ஆறு அறிகுறிகளைப் பார்ப்பார். அடக்க முடியாத ஆசை, தொடங்கினால் நிறுத்த முடியாமை, நிறுத்தினால் அவதி, அளவு கூடிக்கொண்டே போவது, மற்றக் காரியங்களைக் கைவிடுவது, கேடு தெரிந்தும் தொடர்வது. ஓராண்டுக்குள் இவற்றில் மூன்றாவது சேர்ந்து இருந்தால்தான் அந்த எண். நல்லவரா கெட்டவரா என்ற கேள்விக்கு அதில் இடமே இல்லை.

மறைப்பதால் வரும் ஆபத்து

நம் சமூகத்துக்கு இது ஊரார் கதை அல்ல. ரப்பர் தோட்டங்களில் லயத்துக்கு அருகிலேயே கள்ளுக்கடை இருந்த காலம் நமக்குத் தெரியும். 1941ல் கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது, கள்ளுக்கடைகளை மூட வேண்டும் என்பதும் அவர்களின் கோரிக்கைகளில் ஒன்று. குடியால் நாம் இழந்தது அதிகம். அதனால்தான் அந்தச் சொல்லைக் கேட்டாலே நமக்குக் கூசுகிறது, மருத்துவரிடமும் மறைக்கிறோம்.

தினமும் குடிப்பவர் கால் முறிந்து வார்டில் சேர்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். "குடிப்பாரா?" என்று தாதி கேட்கிறார். "எப்போதாவது" என்கிறோம். அடுத்த ஓரிரு நாளில் கை நடுங்குகிறது, வலிப்பு வருகிறது, மூன்றாம் நாள் இல்லாததெல்லாம் கண்ணுக்குத் தெரிகிறது. முன்பே தெரிந்திருந்தால் மருந்தும் பி1 ஊட்டச்சத்தும் கொடுத்துத் தடுத்திருக்கலாம். இந்த நிலை உயிருக்கே ஆபத்தானது. பல காலம் அதிகமாகக் குடித்தவரை வீட்டில் அடைத்துத் திடீரென்று நிறுத்த வைப்பதும் இதே காரணத்தால் ஆபத்து.

இன்னொன்று. ஈரல் நோய்க்கு கே 70 என்ற எண்ணை எழுதி, குடிக்கான எண்ணை விட்டுவிட்டால், ஈரலுக்கு மட்டும் மருந்து கொடுத்து வீட்டுக்கு அனுப்பிவிடக்கூடும். வேருக்கு யாரும் வைத்தியம் பார்ப்பதில்லை. கணக்கிலும் அவர் வருவதில்லை. கணக்கில் வராத நோய்க்கு அரசாங்கம் எப்படிப் பணம் ஒதுக்கும்?

அந்த அம்மாவுக்குப் பதில்

2019ல் ஏற்கப்பட்டு 2022 முதல் நடைமுறைக்கு வந்த பதினோராம் திருத்தத்தில் மதுவின் எண் 6சி40. அதில் சார்பு நிலைக்குள்ளேயே குடியை விட்டவர்களுக்கென்று தனி இடங்கள் உண்டு. பன்னிரண்டு மாதத்துக்கு மேல் தொடாமல் இருப்பவருக்கு 'நீடித்த முழு விடுதலை' என்று பொருள்படும் தனி எண்ணே இருக்கிறது. பத்தாம் திருத்தத்திலும் 'சார்பு, தற்போது குடிப்பதில்லை' என்று எழுத எஃப் 10.20 இருக்கிறது.

ஆகவே அம்மா, அந்த எண்ணை அழிக்கச் சொல்ல வேண்டாம். அன்றைக்கு அது உண்மை; அந்த உண்மையை வைத்துத்தான் அவருக்கு வைத்தியம் பார்த்தார்கள். அடுத்த முறை மருத்துவரைப் பார்க்கும்போது, பதினான்கு மாதமாகத் தொடவில்லை என்று அவர் வாயாலேயே சொல்லச் சொல்லுங்கள். அதையும் கோப்பில் எழுதும்படி கேளுங்கள். எழுதுவதற்கு எண் இருக்கிறது. மகளிடமும் சொல்லுங்கள்: அப்பாவுக்கு வந்தது ஒரு நோய், அதிலிருந்து அவர் எழுந்து வந்திருக்கிறார்.